ஜூலையில் பிறக்கும் குளிர்காலம்: மந்தேயரின் தௌலா மாதம்

ஜூலை நடுவில் தென் ஈராக்கின் வெயில் 50 டிகிரியை எட்டிப் பார்க்கும். பாஸ்ராவிலும் அமாராவிலும் பகலில் தெருவே வெறிச்சோடிக் கிடக்கும். ஆற்றோரத்துப் பேரீச்சை மரங்களில் காய்கள் பழுக்கத் தொடங்கும் பருவம் அது. அந்த அனல் நாட்களில்தான் அங்குள்ள மந்தேயர் வீடுகளில் புத்தாண்டு பிறக்கிறது. புத்தாண்டின் முதல் மாதத்துக்குப் பெயர் தௌலா. மந்தேயர் தங்கள் ஆண்டை நான்கு பருவங்களாகப் பிரிக்கிறார்கள். அந்தக் கணக்கில் தௌலா 'சித்வா'வின் முதல் மாதம். சித்வா என்றால் குளிர்காலம்.

இது மொழிபெயர்ப்பில் நேர்ந்த பிழை இல்லை. அவர்கள் நாட்காட்டியில் குளிர்காலம் இப்போது ஜூலையில்தான் தொடங்குகிறது. அது ஏன் அப்படி ஆனது, ஆனபிறகும் யாரும் ஏன் அதைத் திருத்தவில்லை என்று தேடிப் போனால், உலகின் மிகச் சிறிய சமயச் சமூகங்களில் ஒன்றின் நம்பிக்கை முழுவதும் அந்த ஒரு மாதத்துக்குள் மடித்து வைக்கப்பட்டிருப்பது தெரியவரும்.

மந்தேயர் யார் என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். டைக்ரிஸ், யூப்ரட்டீஸ் ஆறுகளின் கீழ்ப்பகுதியிலும், ஈரானின் கூசிஸ்தான் மாகாணத்தில் காரூன் ஆற்றங்கரையிலும் பல நூற்றாண்டுகளாக வாழ்ந்துவந்த மக்கள். அவர்களது மறைநூல்கள் கிழக்கு அரமேயத்தின் ஒரு கிளையான மந்தேய மொழியில் உள்ளன. 'மந்தா' என்ற சொல்லுக்கு அறிவு என்று பொருள். யஹ்யா யுஹானா என்று அவர்கள் அழைக்கும் திருமுழுக்கு யோவானைப் பெரும் ஆசானாகப் போற்றுகிறார்கள். ஆனால் அவர்கள் கிறிஸ்தவர் அல்லர், யூதரோ முஸ்லிமோ அல்லர். ஆற்றில் ஓடும் உயிருள்ள நீரில் முழுக்குப் பெறுவதுதான் அவர்கள் வழிபாட்டின் உயிர்நாடி. அந்தச் சடங்குக்கு மஸ்புத்தா என்று பெயர். இது வாழ்நாளில் ஒருமுறை பெற்று முடித்துவிடுகிற முழுக்கு அன்று. ஞாயிற்றுக்கிழமைகளிலும் திருநாட்களிலும், திருமணத்தின்போதும், தீட்டு நேர்ந்தபோதும் திரும்பத் திரும்பப் பெறுவது. ஓடும் நீர் எதுவானாலும் அவர்களுக்கு அது 'யர்த்னா', அதாவது யோர்தான். டைக்ரிஸும் யர்த்னாதான், காரூனும் யர்த்னாதான்.

இனி மாதங்களுக்கு வருவோம். ஆண்டுக்கு 12 மாதங்கள். ஒவ்வொன்றும் சரியாக 30 நாட்கள். 29 இல்லை, 31 இல்லை. மாதங்களின் பெயர்கள் ராசிகளின் பெயர்கள். தௌலா என்றால் நீர் இறைக்கும் வாளி. நாம் கும்பம் என்று சொல்லும் ராசி. அடுத்தது நூனா, மீன். பிறகு உம்பாரா, தௌரா, சில்மியா, சர்தானா என்று மேஷம், ரிஷபம், மிதுனம், கடகம் வரிசையாக வரும். அதன்பின் அரியா, சும்புல்தா. இவை சிம்மமும் கன்னியும். கடைசி நான்கு மாதங்கள் காய்னா, அர்க்பா, ஹிதியா, கத்யா. துலாமில் தொடங்கி மகரத்தில் முடிபவை. ராசிச் சக்கரத்தைப் பாபிலோனிய மரபிலிருந்து பெற்ற எந்த ஊர்க்காரருக்கும் இந்த வரிசை பழகிய ஒன்றுதான். நம் கும்பமும் அவர்கள் தௌலாவும் ஒரே நீர்க்கலத்தின் இரண்டு பெயர்கள்.

12 முப்பதுகள் 360. மீதி ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராமல் தனியே நிற்கும். அவற்றுக்கு பர்வானயா என்று பெயர். 'பஞ்சா' என்றும் சொல்வார்கள், ஐந்து என்று பொருள்படும் பாரசீகச் சொல்லிலிருந்து. இந்த ஐந்து நாட்கள் ஆண்டின் கடைசியில் வருவதில்லை. எட்டாம் மாதமான சும்புல்தாவுக்கும் ஒன்பதாம் மாதமான காய்னாவுக்கும் நடுவே வருகின்றன. இந்த இடம் முக்கியமானது. பிறகு இதற்குத் திரும்ப வருவேன்.

ஆக மொத்தம் 365 நாட்கள். அவ்வளவுதான். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை சேர்க்கும் மிகுநாள் (லீப் நாள்) என்பதே கிடையாது. சூரியன் தன் சுற்றை முடிக்க 365 நாட்களும் ஏறக்குறைய கால் நாளும் எடுத்துக்கொள்கிறது. அந்தக் கால் நாளை மந்தேயர் கணக்கில் எடுப்பதில்லை. அதனால் நான்கு ஆண்டுக்கு ஒருமுறை அவர்களின் புத்தாண்டு பொது நாட்காட்டியில் ஒரு நாள் முன்னே வந்து விழும். இப்போது ஜூலை நடுவில் வருகிறது. 1930களில், ஈராக்கில் வாழ்ந்து மந்தேயரைப் பற்றி விரிவாக எழுதிவைத்த எதெல் ஸ்டெஃபானா டிரோவர் அவர்களைச் சந்தித்துவந்த காலத்தில், அது ஆகஸ்ட் முற்பாதியில் வந்துகொண்டிருந்தது. ஒரு மனித ஆயுளில் இந்த நகர்வு இருபது நாட்களைத் தாண்டாது. பாட்டி காலத்தில் புத்தாண்டு கொஞ்சம் தள்ளி வந்தது என்ற நினைவாக மட்டுமே அது குடும்பத்தில் தங்கும். ஆனால் நூற்றாண்டுகள் சேரச்சேர மாதங்கள் பருவங்களை விட்டுக் கழன்று ஆண்டு முழுவதையும் சுற்றி வருகின்றன.

இதன் விளைவை ஈராக்கில் உட்கார்ந்து பார்த்தால் இன்னும் கூர்மையாகத் தெரியும். மந்தேய மாதங்களுக்கு ராசிப் பெயரோடு பழைய பாபிலோனிய வழிப் பெயர் ஒன்றும் உண்டு. தௌலாவின் மறுபெயர் ஷபாத். ஈராக்கில் பிப்ரவரி மாதத்தை அரபு மக்கள் ஷுபாத் என்றே அழைக்கிறார்கள். இரண்டும் ஒரே சொல். ஜூலையை அவர்கள் தம்மூஸ் என்பார்கள். ஆக, பக்கத்து வீட்டு அரபுக் குடும்பத்துக்குத் தம்மூஸ் நடக்கும்போது மந்தேயக் குடும்பத்துக்கு ஷபாத் பிறக்கிறது. மந்தேயரின் தம்மூஸ், அதாவது ஆறாம் மாதமான சர்தானா, டிசம்பர் நடுவில் வருகிறது. ஒரே தெருவில், ஒரே பெயர்கொண்ட இரண்டு மாதங்கள், ஏறத்தாழ ஐந்து மாத இடைவெளியில். ராசிப் பெயரும் வானத்தோடு ஒட்டவில்லை; தௌலா பிறக்கும்போது சூரியன் கும்பத்தின் பக்கமே இல்லை. பருவப் பெயரும் ஒட்டவில்லை. மூன்று பெயர்கள் இருந்தும் ஒன்றுகூட வெளியே நடப்பதைச் சொல்வதில்லை.

அப்படியானால் தௌலாவுக்கு எது அடையாளம்? வெயிலோ குளிரோ அடையாளம் இல்லை என்றால், இந்த மாதம் பிறந்துவிட்டது என்பதை ஒரு மந்தேயர் எதைக்கொண்டு உணர்கிறார்?

தண்ணீரைத் தொடாமல் இருப்பதைக்கொண்டு.

பழைய ஆண்டின் கடைசி நாள், கத்யா மாதத்தின் 30ஆம் நாள், 'கன்ஷி உ-ஸஹ்லி' எனப்படும். அன்று பகல் முழுவதும் ஆற்றங்கரை நிரம்பி வழியும். ரஸ்தா என்ற வெள்ளைச் சடங்கு உடை அணிந்து வந்து மஸ்புத்தா பெறுவார்கள். வீட்டில் ஆடும் கோழியும் முறைப்படி அறுக்கப்படும். ரொட்டி சுடப்படும். காய்கறி, பழம், பேரீச்சை எல்லாம் வாங்கி வைக்கப்படும். சூரியன் மறைவதற்குள் தேவையான தண்ணீர் முழுவதையும் எடுத்துவந்து பானைகளில் ஊற்றி மூடிவிட வேண்டும். பொழுது சாய்ந்ததும் எல்லோரும் வீட்டுக்குள் போய்விடுவார்கள். அதிலிருந்து 36 மணி நேரம் யாரும் வெளியே வருவதில்லை. ஆற்றுநீரைத் தொடுவதில்லை. எந்த உயிரையும் அறுப்பதில்லை. புல்லையோ பூவையோ கிள்ளுவதுகூட இல்லை. மஸ்புத்தா கிடையாது. குருமார்கள் இரவிலும் கண் அயராமல் விழித்திருப்பார்கள்.

நீரையே தெய்வீகமாகக் கொண்டாடும் மக்கள், ஆண்டின் மிகக் கொடிய வெயில் நாட்களில், தங்கள் பெருநாளில், நீரை விட்டு விலகி நிற்கிறார்கள். இந்த நாட்காட்டியைப் பற்றிப் படித்தவற்றில் என்னை அதிகம் உலுக்கியது இதுதான். காரணத்தைக் கேட்டால் அவர்கள் சொல்லும் விளக்கம் எளிமையானது, ஆழமானது. ஓடும் நீருக்கும் மரங்களுக்கும் மனிதருக்கும் காவலாக உத்ராக்கள் என்ற ஒளி உயிர்கள் நிற்கின்றன. புத்தாண்டு உலகம் படைக்கப்பட்டதன் நினைவு நாள். அன்று அந்தக் காவலர்கள் எல்லோரும் தங்கள் இடங்களை விட்டு, ஒளியுலகில் இருக்கும் பரம்பொருளான மானா ரப்பாவுக்கு வாழ்த்துச் சொல்லப் போய்விடுகிறார்கள். போய்ச்சேர 12 மணி நேரம், அங்கே தங்க 12 மணி நேரம், திரும்பிவர 12 மணி நேரம். அந்த 36 மணி நேரமும் ஆறு காவலில்லாத ஆறு. இருள் அதன்மேல் கை வைக்கலாம். அன்று ஓடுவது நீர் மட்டும்தான், யர்த்னா இல்லை.

கணக்கும் கதையும் பொருந்துவதைக் கவனியுங்கள். ஓர் இரவு, ஒரு பகல், மறுபடி ஓர் இரவு. மந்தேயருக்கு நாள் என்பது விடியலில் தொடங்குகிறது. பகலுக்குப் பின்னால்தான் அதற்குரிய இரவு வரும். அதனால் பழைய ஆண்டின் கடைசி இரவு முழுவதும், தௌலாவின் முதல் பகலும் அதன் இரவும் சேர்ந்து இந்த அடைப்புக்குள் வருகின்றன. தெஹ்வா ரப்பா, பெருந்திருநாள் என்பது அந்த முதல் நாளுக்குப் பெயர். ஒரு சமூகத்தின் மிகப் பெரிய திருநாள் வாசல் சாத்தப்பட்டு, ஊருக்கு முகம் காட்டாமல் நடக்கிறது. தௌலா இரண்டாம் நாள் விடிந்த பிறகுதான் கதவுகள் திறக்கும். வாழ்த்தும் விருந்தும் உறவினர் வீட்டுப் போக்குவரத்தும் அப்போதுதான்.

அந்த அடைப்பு நேரத்தில் யாராவது இறந்துவிட்டால் பெரும் துயரம். காவலர்கள் திரும்பி வரும்வரை உடலை அடக்கம் செய்வதில்லை. மந்தேயருக்கு இறக்கும் தருணத்தில் நீராட்டி, சடங்கு உடை உடுத்தி இருப்பது அத்தனை முக்கியம். ஆன்மா ஒளியுலகுக்குப் போகும் வழியில் மதர்த்தாக்கள் என்ற சோதனைக் காவல் நிலையங்களைக் கடக்க அந்தத் தூய்மைதான் துணை. முறையாக அது கிடைக்காமல் போனவர்களுக்காக 'அஹாபா த்-மானியா', ஆடை அளித்தல் என்ற சடங்கு இருக்கிறது. இறந்தவருக்குப் பதிலாக இன்னொருவர் அந்த உடையை ஏற்று முழுக்குப் பெறுவார். அதைச் செய்வதற்குரிய காலம் பர்வானயா. தௌலாவின் அடைப்பில் இறந்த ஓர் ஆன்மா தன் உடைக்காக எட்டு மாதம் காத்திருக்கிறது.

அதனால்தான் தௌலாவைப் பர்வானயாவோடு சேர்த்துப் பார்க்க வேண்டும் என்கிறேன். தௌலாவின் முதல் நாளில் ஒளியுலகத்தார் பூமியை விட்டுப் போகிறார்கள். பர்வானயாவின் ஐந்து நாட்களில் ஒளியுலகின் வாயில்களே திறந்து கிடக்கின்றன. முதலாவதில் ஆறு தொடக்கூடாதது. இரண்டாவதில் ஐந்து நாளும் பகல் இரவு என்ற வேறுபாடே இல்லை. வழக்கமாகப் பகலில் மட்டும் நடக்கும் மஸ்புத்தா அப்போது இரவிலும் நடக்கலாம். அந்த ஐந்து நாட்களுக்குள் இறப்பவர் சோதனை நிலையங்களில் நிற்காமல் நேரே போய்ச் சேர்வார் என்பது நம்பிக்கை. மந்தி என்ற வழிபாட்டுக் குடில், பழைய முறையில் நாணலாலும் களிமண்ணாலும் கட்டப்படுவது, அப்போதுதான் பழுது பார்த்துப் புனிதமாக்கப்படும். முன்னோரின் பெயர் சொல்லி லோஃபானி எனும் நினைவு விருந்து படைப்பார்கள். ஆண்டின் இருண்ட முனையும் ஒளிர்ந்த முனையும் இவை. மற்ற நாட்களெல்லாம் இவற்றுக்கு நடுவே தொங்குகின்றன.

தௌலாவின் ஆறாம், ஏழாம் நாட்கள் ஷிஷ்லாம் ரப்பா என்ற ஒளி உயிருக்கு உரியவை. வாசல் சாத்திய புத்தாண்டுக்கு எதிராக, இது வாசலுக்கான திருநாள். குருமார்கள் வீடு வீடாகப் போவார்கள். வில்லோ மர இளங்கிளையும் மிர்ட்டில் தழையும் சேர்த்துக் கட்டிய வளையத்தை நிலைப்படியின் மேல் மாட்டி, வரப்போகும் ஆண்டுக்குக் காப்பாக மந்திரம் ஓதுவார்கள். மிர்ட்டில் இவர்களுடைய சடங்குகள் எதிலும் விட்டுப்போகாத நறுமணச் செடி. குருவின் தலைப்பாகைக்குள் செருகும் சிறு வளையம்கூட அதில்தான். ஆறாம் நாள் இரவில் விண்ணின் வாயில் திறக்கும், உள்ளம் தூய்மையானவருக்குக் காட்சி கிடைக்கும் என்று சொல்லிக்கொள்வார்கள்.

புத்தாண்டில் குருமார்கள் செய்யும் இன்னொரு வேலை பலன் பார்ப்பது. அதற்கென்றே மந்தேய மொழியில் ராசிநூல் ஒன்று இருக்கிறது. ஆண்டு எந்தக் கிழமையில் பிறந்தது என்பதை வைத்து மழை, விளைச்சல், நோய், ஆட்சி இவற்றைச் சொல்லும் பகுதிகள் அதில் உண்டு. இங்கே 365 என்ற எண்ணின் ஓர் அழகு தெரிகிறது. 365 என்பது 52 வாரங்களும் ஒரு நாளும். மிகுநாள் குறுக்கிடாததால் மந்தேயப் புத்தாண்டு ஆண்டுதோறும் தவறாமல் ஒரு கிழமை முன்னேறும். இந்த ஆண்டு புதன் என்றால் அடுத்த ஆண்டு வியாழன். ஏழே ஆண்டில் ஏழு கோள்களும் முறை வந்து முடியும். நம் பொது நாட்காட்டியில் மிகுநாள் வந்து இந்த வரிசையைக் குலைத்துவிடும். அவர்களிடம் அது குலைந்ததே இல்லை.

மிகுநாளை ஏன் சேர்க்கவில்லை என்ற கேள்விக்கு என் பதில் இங்கேதான் இருக்கிறது. மந்தேயருக்கு நாட்கள் வெறும் எண்கள் அல்ல. ஒவ்வொரு நாளுக்கும் ஒரு தன்மை உண்டு. 'ம்பத்தல்' எனப்படும் விலக்கப்பட்ட நாட்களில் முழுக்கும் கூடாது, உயிர் அறுத்தலும் கூடாது. சில நாட்கள் ஒளி மிக்கவை. புதிதாக ஒரு நாளை நுழைத்தால் அது யாருடைய நாள்? அன்று ஆற்றுக்கு யார் காவல்? அன்று பிறக்கும் குழந்தைக்கு, பிறந்த நேரத்தைக் கணித்து வைக்கும் மல்வாஷா என்ற ராசிப்பெயரை எப்படிக் கணிப்பது? வெயிலோடு மாதத்தை ஒட்டவைப்பதற்காக இத்தனையையும் கலைக்க அவர்கள் விரும்பவில்லை என்றே நினைக்கிறேன். அவர்களது பெருமறையான கின்ஸா ரப்பா இந்த உலகத்துக்கு 4,80,000 ஆண்டு ஆயுளைச் சொல்கிறது. அந்த அளவுகோலை வைத்துப் பார்ப்பவருக்குப் பருவத்தை விட்டு மாதம் நகர்வது அவசரமாகத் திருத்த வேண்டிய குறையாகத் தோன்றாது.

இந்த நாட்காட்டி அவர்கள் மட்டும் கண்டெடுத்ததும் அல்ல. பண்டைய எகிப்தியர் இதே 12 முப்பதும் ஐந்து நாளும் வைத்து ஆண்டைக் கணக்கிட்டார்கள். ஈரானின் ஜொராஸ்திரியரும் அதே வடிவத்தைக் கொண்டார்கள். ஈரானிய அறிஞர் சையத் ஹசன் தகிஸாதே 1938இல் ஒரு கூர்மையான விஷயத்தைச் சுட்டிக்காட்டினார். ஜொராஸ்திரியர் தங்கள் ஐந்து கூடுதல் நாட்களை ஒருகாலத்தில் எட்டாம் மாதமான ஆபானுக்குப் பின்னால்தான் வைத்திருந்தார்கள்; இடைக்கால அறிஞர் அல்பிரூனியின் எழுத்தில் இதற்குச் சான்று இருக்கிறது. 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவற்றை ஆண்டின் கடைசிக்கு நகர்த்திவிட்டார்கள். மந்தேயரோ நகர்த்தவில்லை. பர்வானயா இன்றும் எட்டாம் மாதத்துக்குப் பின்னால்தான் நிற்கிறது. இஸ்லாத்துக்கு முன் ஈரானை ஆண்ட சாசானியப் பேரரசு விட்டுச்சென்ற ஒரு வழக்கம், அதற்கு உரியவர்கள் கைவிட்ட பிறகும், பக்கத்தில் குடியிருந்த வேற்றுச் சமயத்தாரிடம் ஆயிரம் ஆண்டாகப் பத்திரமாக இருக்கிறது. உறவு இன்னொரு வகையிலும் தெரிகிறது. இந்தியப் பார்சிகளில் கத்மி பிரிவினர் கொண்டாடும் புத்தாண்டும் மிகுநாள் இல்லாத கணக்கில் ஓடி, இப்போது அதே ஜூலை நடுவில்தான் வருகிறது.

இந்த நகர்வைக் கணக்குப் போட்டுப் பார்த்தபோது ஒன்று புலப்பட்டது. ஆண்டுக்கு ஏறத்தாழ கால் நாள் வீதம் நழுவும் நாட்காட்டி, எல்லாப் பருவங்களையும் ஒரு சுற்றுச் சுற்றி, தொடங்கிய இடத்துக்கே வந்துசேர ஏறக்குறைய 1,508 ஆண்டுகள் ஆகும். பர்வானயா இப்போது மார்ச் நடுவில் வருகிறது. அது முடிந்து காய்னா பிறப்பது மார்ச் 20ஐ ஒட்டி. அதாவது பகலும் இரவும் சமமாகும் இளவேனில் நாளை ஒட்டி. இதிலிருந்து 1,508 ஆண்டு பின்னே போனால் கி.பி. 6ஆம் நூற்றாண்டின் தொடக்கம். சாசானிய மன்னர் கவாத் ஆண்ட காலம். அன்றைய பாரசீக நாட்காட்டியிலும் ஐந்து நாள் முடிந்து ஒன்பதாம் மாதம் பிறந்தது இதே இளவேனில் தொடக்கத்தில்தான். ஒரு முழுச் சுற்று முடிந்திருக்கிறது. ஒளியின் வாயில் திறக்கும் ஐந்து நாட்கள், பகல் இரவை மிஞ்சத் தொடங்கும் பருவத்துக்கு நம் வாழ்நாளில் திரும்பி வந்து நிற்கின்றன. யாரும் திருத்தாமல் விட்டதால் மட்டுமே நடந்த திரும்புதல் இது.

சுற்று அறுபடாமல் வந்தது என்று எழுதும்போதே, அது அறுந்துபோக இருந்த நேரத்தையும் சொல்லியாக வேண்டும். நாட்காட்டியைத் தாங்குபவர்கள் குருமார்கள். தர்மிதா, அவருக்கு மேல் கன்ஸிப்ரா, அவருக்கும் மேல் ரிஷமா என்று மூன்று படிகள். ஒரு குருவை இன்னொரு குருதான் உருவாக்க முடியும். 1831இல் அந்தப் பகுதியைச் சூறையாடிய கொள்ளைநோயில் மந்தேயக் குருமார்கள் அனைவரும் இறந்துபோனார்கள். முழுக்குத் தரவோ, தௌலாவில் நிலைப்படிக்கு வளையம் மாட்டவோ, பர்வானயாவில் இறந்தவருக்கு உடை அளிக்கவோ யாருமில்லை. அப்போது குருமார்களின் பிள்ளைகளாகப் பிறந்து, எழுத்தறிவும் சடங்கறிவும் பெற்றிருந்த யஹ்யா பிஹ்ராம், ராம் ஸிஹ்ரூன் என்ற இருவரும் கையில் இருந்த சுவடிகளையும் நினைவையும் கொண்டு ஒருவரை ஒருவர் குருவாக்கிக்கொண்டார்கள். அங்கிருந்து மரபு மறுபடி தளிர்த்தது. 1854இல் ஜெர்மானிய அறிஞர் பீட்டர்மன் சூக் அல்-ஷுயூக் ஊருக்கு வந்து மந்தேயம் கற்றுக்கொண்டது இதே யஹ்யா பிஹ்ராமிடம்தான்.

அடுத்த அடி நம் காலத்தில் விழுந்தது. 1990களில் ஈராக் அரசு தென்பகுதிச் சதுப்பு நிலங்களை வற்றவைத்தது. 2003இல் அமெரிக்கா படையெடுத்த பின் கடத்தல், கொலை, மிரட்டல். பெரும்பாலும் வெள்ளி, பொன் வேலை செய்து வாழ்ந்த, ஆயுதம் எடுப்பதைச் சமயமே விலக்கியிருந்த மக்கள் எளிய இலக்கானார்கள். படையெடுப்புக்கு முன் ஈராக்கில் பல பத்தாயிரம் பேர் இருந்த சமூகத்தில் இன்று அங்கே எஞ்சியிருப்பது சில ஆயிரம் பேர். ஈராக்கின் 2005 அரசியலமைப்பு அவர்களைப் பெயர் சொல்லி ஏற்றுக்கொண்டிருக்கிறது. நாடாளுமன்றத்தில் ஓர் இடமும் ஒதுக்கப்பட்டிருக்கிறது. ஈரானின் அரசியலமைப்பு ஏற்கும் சிறுபான்மைச் சமயங்களின் பட்டியலில் அவர்கள் பெயரே இல்லை.

ஆற்றின் நிலையும் மோசம். 2018 கோடையில் பாஸ்ராவின் குடிநீர் கெட்டு ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் மருத்துவமனைக்குப் போனார்கள். அது ஜூலையும் ஆகஸ்டும். மந்தேயர் கணக்கில் தௌலாவும் நூனாவும். காவலர் இல்லாத 36 மணி நேரத்துக்கு மட்டும் நீருக்கு அஞ்சிய மக்கள், மாதக்கணக்கில் நீருக்கு அஞ்ச நேர்ந்த ஆண்டு அது.

இன்று மந்தேயரில் பெரும்பாலோர் ஸ்வீடன், ஆஸ்திரேலியா, அமெரிக்கா, நெதர்லாந்து, ஜெர்மனி என்று சிதறிக் கிடக்கிறார்கள். நாட்காட்டியும் கூடவே போனது. ஆனால் ஒவ்வொரு நாட்டிலும் அது வேறு வானிலையில் போய் விழுகிறது. ஸ்வீடனில் மார்ச் மாத ஆறு, எலும்பை ஊடுருவும் குளிர். தென் ஸ்வீடனில் தால்பி என்ற ஊரில் மந்தி கட்டியிருக்கிறார்கள். பர்வானயாவின் ஐந்து நாளும் முதியவர்களும் குழந்தைகளும் நீரில் இறங்கியாக வேண்டுமே, அவர்களை எப்படி இறக்குவது என்பது அங்கே குருமார்களின் நடைமுறைக் கவலை. ஓடும் நீர் வேண்டும் என்ற விதியைத் தளர்த்தாமல் கூரைக்குள் குளம் கட்டலாமா என்ற விவாதம் புலம்பெயர்ந்த மந்தேயரிடையே நடக்கிறது. விடுப்பும் ஒரு சிக்கல். ஈராக்கின் சிற்றூரில் கடையைப் பூட்டிவிட்டு 36 மணி நேரம் உள்ளே இருந்துவிடலாம். ஜூலை நடுவில் ஒரு புதன் வியாழனில் சுவீடிஷ் மருத்துவமனையிலோ தொழிற்சாலையிலோ வேலைமுறை இருப்பவர், தன் புத்தாண்டுக்கு இரண்டு நாள் விடுப்பு கேட்டு, அது ஏன் வீட்டை விட்டு வெளியே வராமல் இருப்பதற்கான விடுப்பு என்பதையும் விளக்க வேண்டியிருக்கும்.

ஆஸ்திரேலியாவில் வேறொன்று நடந்திருக்கிறது. சிட்னியின் மேற்குப் புறநகர்களில் பெரிய மந்தேயச் சமூகம் இருக்கிறது. பென்ரித் அருகே நெப்பியன் ஆறு அவர்களுடைய யர்த்னா. ஞாயிற்றுக்கிழமைகளில் அதன் கரையில் தரப்ஷாவை நட்டுவைத்து முழுக்கு நடக்கிறது. குறுக்குச் சட்டத்தில் வெண்பட்டும் மிர்ட்டில் கிளையும் தொங்கும் அவர்களின் கொடி அது. அங்கே பர்வானயா இலையுதிர் காலத்தின் தொடக்கத்தில் வருகிறது. கோடையின் வெதுவெதுப்பு ஆற்றில் இன்னும் மிச்சம் இருக்கும். ஜூலை நடுவில் தௌலா பிறக்கும்போது தென்கோளத்துக்கு அது நடுக் குளிர்காலம். காலையில் புல்மேல் பனி உறைந்திருக்கும். பாஸ்ராவில் எத்தனையோ தலைமுறையாக வெயிலில் சொல்லப்பட்டுவந்த 'சித்வாவின் முதல் மாதம்' என்ற பெயர், அகதியாகப் போன ஊரில் சொல்லுக்குச் சொல் உண்மையாகிவிட்டது. ஈராக்கில் தௌலா ஜனவரிக் குளிருக்குப் போய்ச்சேர இன்னும் 700 ஆண்டுக்கு மேல் ஆகும். சிட்னியிலோ, அது மெல்ல நழுவி ஜூன் முதல் வாரத்துக்குப் போய், நாட்டு வழக்கப்படி குளிர்காலம் தொடங்கும் நாளையே தொட ஏறத்தாழ 170, 180 ஆண்டு போதும். அதுவரை ஆண்டுதோறும் அங்கே கத்யாவின் கடைசி மாலையில், குளிர்கால வெளிச்சம் ஐந்து மணிக்கெல்லாம் மங்கிவிடுவதற்குள், தண்ணீரைப் பிடித்து மூடி வைத்துவிட்டுக் கதவைச் சாத்த வேண்டும்.